ஐந்து ஜன்னலில் இரண்டு

என் நாத்தனார் புருஷனை நான் கொல்லவில்லை. அவ்வளவு சுலபமாக அவனை விட்டுவிட எனக்கு மனசில்லை.

பெற்றவர்கள் வைத்த பேர் ஒன்று அவனுக்கு உண்டுதான். எங்கள் சொந்தத்தில் யாருக்கும் அது ஞாபகமில்லை. எல்லாருக்கும் அவன் 'ஈஸி'. வாயைத் திறந்தால் "ஈஸிதான் அக்கா, ரொம்ப ஈஸி" என்பான். வீட்டுக்கடன் கொடுக்கிற ஒரு கம்பெனியில் ஆள் பிடித்துக் கொடுக்கிற உத்தியோகம். கசங்காத சட்டை, பையில் இரண்டு பேனா, எந்நேரமும் ஒரு சிரிப்பு. தலையைத் தடவிக்கொண்டே மூளையை உரிக்கிற ரகம். அது தெரிய எனக்கு ஐந்து வருஷம் பிடித்தது.

நான் ஜன்னல் திரைச்சீலை தைத்துக் கொடுக்கிற கடை வைத்திருக்கிறேன். என் வீட்டுக்காரர் லிஃப்ட் மெக்கானிக். லிஃப்ட் வேலைதானே, சொகுசாக ஏறி இறங்குவார் என்று பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். ஓடுகிற லிஃப்டுக்கு மெக்கானிக்கை யார் கூப்பிடப் போகிறார்கள்? நின்றுபோன லிஃப்டுக்குத்தான் கூப்பிடுவார்கள். ஆகவே மனிதர் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து படிதான் ஏறுகிறார். முப்பத்தொன்பது வயதிலேயே இரண்டு முட்டியும் தேய ஆரம்பித்துவிட்டது. அந்த வயதில்தான் நாங்கள் வீடு வாங்கினோம்.

ஈஸி எங்கள் வாடகை வீட்டு மேஜையில் தாளை விரித்துக்கொண்டு உட்கார்ந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. "வாடகைக்குக் குடுக்கிற காசுதான் அக்கா. அதோட கொஞ்சம் போட்டுத் தவணையா கட்டினா வீடு உங்களுது. வட்டி எவ்வளவுன்னு நினைக்கிறீங்க? நூத்துக்கு ஒம்போது. வெறும் ஒம்போது!"

வருஷத்துக்கு ஒம்போது, இருபத்தைந்து வருஷத்துக்கு என்று அவன் சொல்லவே இல்லை என்று நான் பொய் சொல்லமாட்டேன். சொன்னான். இருமலோடு சேர்த்துச் சொன்னான். என் வீட்டுக்காரரோ நூறு வாங்கினால் நூற்றொன்பது கட்டினால் போதும் என்கிற மாதிரி தலையை ஆட்டிக்கொண்டிருந்தார். சும்மா சொல்லக்கூடாது, நானும் ஆட்டினேன்.

ஒன்று மட்டும் எனக்கு உறுத்தியது. "தம்பி, இவருக்கு அம்பத்தெட்டுல வேலை முடிஞ்சிடும். கடன் முடியறப்போ அறுபத்துநாலு. நடுவுல ஆறு வருஷம் யாரு கட்டறது?"

"அது அப்போ பாத்துக்கலாம் அக்கா. ஈஸி."

வீட்டைக் கட்டிப் பார், கல்யாணத்தைப் பண்ணிப் பார் என்று நமக்குச் சொல்லி வைத்தவர்கள், கடனைக் கட்டிப் பார் என்றும் கூட ஒரு வார்த்தை சேர்த்திருக்கலாம். மூன்று வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு ஒரு மாதம் தவறாமல் கட்டினோம். அப்புறம் ஒருநாள் கம்பெனி கவுண்டரில் போய் மீதி எவ்வளவு என்று கேட்டேன். நூறு பங்கு கடனில் நான்கு பங்குகூடக் கழியவில்லை. அங்கே இருந்த பெண் நல்ல மாதிரி. "முதல்ல கட்டறதெல்லாம் வட்டிக்குத்தாங்க போகும். அசல் மேல இப்பவே ஒரு தொகை கட்டினீங்கன்னா பின்னாடி வருஷக்கணக்கா குறையும்" என்றாள். எவ்வளவு கட்டினால் ஆறு வருஷம் குறையும் என்று கேட்டேன். கம்ப்யூட்டரில் தட்டிப் பார்த்துச் சொன்னாள். கடனில் பத்தில் ஒரு பங்குக்குக் கொஞ்சம் மேலே.

என் இரண்டு கையிலும் அந்தத் தொகை கிடந்தது. ஆறு தங்க வளையல். நான்கு, கல்யாணத்துக்குப் போட்டது. இரண்டு, நான் மெஷின் மிதித்துச் சம்பாதித்தது. ஒரு வளையலுக்கு ஒரு வருஷம் என்று நானே மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டு, அழாமல் கழற்றி விற்றேன். அவர் வேலையிலிருந்து நிற்கிற மாதம் கடனும் நின்றுவிட வேண்டும். இதற்குமேல் எனக்கு அந்த வீட்டிடமிருந்து வேறு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

"நீங்க எதுக்கு அக்கா வெயில்ல அலையணும்? நான் கட்டிடறேன்" என்று ஈஸி வந்தான். விண்ணப்பத்தில் என் வீட்டுக்காரரிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டான். "ஆறு வருஷம் குறையணும் தம்பி" என்று வாசல்வரை போய்ச் சொன்னேன். "குறைச்சிடலாம் அக்கா" என்றான்.

அடுத்த மாதம் பார்த்தால் தவணைத் தொகையும் குறைந்திருந்தது. "ரெண்டும் குறையும் மச்சான், அதான் இதுல விசேஷம்" என்று என் வீட்டுக்காரரிடம் சொல்லியிருக்கிறான். மாதா மாதம் மிச்சமாகிற அந்தத் தொகைக்குத் தோதாக ஒரு பைக்கையும் தவணையில் அவர் தலையிலே கட்டினான். என் வளையல் விற்ற காசு வாசலில் நின்று புகை விட்டது. முட்டி வலிக்கிற மனுஷன், பைக்கில் போகட்டுமே என்று நானும் பேசாமல் இருந்தேன்.

இரண்டு வருஷம் கழித்து, கடையில் கொஞ்சம் லாபம் சேர்ந்திருந்ததால் அதையும் அசலில் போடலாம் என்று கவுண்டருக்குப் போனேன். பெருமையாகக் கேட்டேன், எங்கள் கடன் எந்த வருஷம் முடிகிறது என்று. அவள் சொன்ன வருஷம் அதே பழைய வருஷம். என் வீட்டுக்காரருக்கு அறுபத்துநாலு ஆகிற வருஷம்.

"ஆறு வருஷம் குறைச்சோமே?"

"இல்லீங்களே. விண்ணப்பத்துல ரெண்டு கட்டம் இருக்கும். வருஷத்தைக் குறைக்கணுமா, தவணையைக் குறைக்கணுமான்னு. நீங்க தவணையைக் குறைக்கிற கட்டத்துலதான் டிக் பண்ணியிருக்கீங்க."

அங்கே போட்டிருந்த இரும்பு நாற்காலியில் உட்கார்ந்தேன். ஒரு சின்னக் கட்டம். பேனாவை விரல் அகலம் தள்ளி வைத்திருந்தால் என் புருஷன் தள்ளாத வயதில் படியேற வேண்டியதில்லை. என் வயிறு எரிந்தது. அன்றைக்கு எரிந்த எரிச்சலில் ஒரு ஊருக்கே சமைத்திருக்கலாம்.

அந்த வாரமே நாத்தனார் வீட்டில் சாப்பாடு. இலை போட்டது யார், என்ன பரிமாறினார்கள் எதுவும் எனக்குத் தெரியாது. அவனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். "ஏன் தம்பி அந்தக் கட்டத்துல டிக் போட்ட?" என்று எல்லார் முன்னாலும் கேட்டேன்.

சிரித்தான். அந்தச் சிரிப்பை மட்டும் நான் சாகிறவரை மறக்கமாட்டேன். "மாசா மாசம் நீங்க கொஞ்சம் மூச்சு விடலாமேன்னுதான் அக்கா. ஆறு வருஷமெல்லாம் எங்கேயோ இருக்கு. இப்ப கையில காசு நிக்குதா இல்லையா?"

"விடும்மா, சொந்தத்துக்குள்ள என்ன" என்றார் என் வீட்டுக்காரர். நாத்தனார் தலையைக் குனிந்துகொண்டு தண்ணீர் ஊற்றினாள். அவள் பாவம், எதிலும் குறுக்கே பேசத் தெரியாதவள்.

அதோடு விட்டிருந்தால்கூட ஒருவேளை நான் ஆறியிருப்பேனோ என்னமோ. அவன் வாய் நிற்கவில்லை. தன் உத்தியோகத்தின் கஷ்டத்தைச் சொல்ல ஆரம்பித்தான். "கடன் வாங்கினவன் ஒரு வருஷத்துக்குள்ள வேற பேங்குக்கு மாறிட்டான்னா, எனக்குக் குடுத்த கமிஷனைத் திருப்பிப் பிடிச்சுக்கறாங்க மச்சான். பாதியிலேயே பெரிய தொகை கட்டினாலும் ஏன்யா விட்டேன்னு கேக்கறாங்க. ஜனங்களுக்கு விவரம் தெரியாதவரைக்கும்தான் எங்க பொழப்பு."

நான் சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டேன். அப்படியா சேதி என்று மனசு சொன்னது. என் ஆறு வருஷத்தை உன்னிடமிருந்து வாங்காமல் நான் கண் மூடப் போவதில்லை, தம்பி.

பழி வாங்க வேண்டும் என்று ஆசைப்பட்டால் போதுமா, வழி வேண்டாமா? வழியை அவனே காட்டினான். புது அடுக்குமாடிகளில் அவனிடம் கடன் வாங்கி வீடு வாங்குகிறவர்களை, "எங்க அக்கா கடை இருக்கு, கர்ட்டன் அங்க தைச்சுக்கோங்க" என்று என்னிடம்தான் அனுப்புவான். சும்மா இல்லை, ஒவ்வொரு ஆர்டருக்கும் பத்தில் ஒன்று எண்ணி வாங்கிக்கொள்வான். சாவி வாங்கிய முதல் மாதம், வீட்டில் கட்டில்கூட இறங்கியிருக்காது, ஜன்னல் அளக்க நான் போய் நிற்பேன். கடனுக்கு வயது ஒரு மாதம்!

முதல்தடவை நடந்தது திட்டம் போட்டு நடந்ததில்லை. கோபத்தில் நடந்தது. ஒரு ஸ்கூல் வாத்தியாரும் அவர் மனைவியும். நான் டேப்பை மடித்துவிட்டு, "ஜன்னல் நாலடி, துணி எட்டடி" என்றேன். மனுஷர் எகிறினார்.

"நாலடி ஜன்னலுக்கு எட்டடி துணியா? என்னம்மா, யார் காதுல பூ சுத்தற?"

"மடிப்பு விழணும்ல சார். நாலடிக்கு நாலடியே போட்டா பாயைத் தொங்கவிட்ட மாதிரி இருக்கும். எந்தக் கடையில கேட்டாலும் ரெண்டு மடங்குதான் சொல்வாங்க."

"ரெண்டு மடங்கு அநியாயம். ஒண்ணரை போடு."

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "சார், துணி ரெண்டு மடங்குன்னதும் இந்தக் குதி குதிக்கிறீங்களே, இந்த வீட்டுக்கு ரெண்டரை மடங்கு கட்டறதா கையெழுத்துப் போட்டீங்களே, அங்க குதிச்சீங்களா?"

"என்னது?"

"கடன் எத்தனை வருஷம்?"

"இருபத்தஞ்சு."

"வட்டி ஒம்போதா?" தலையாட்டினார். "அப்ப வாங்க இங்க." அவரைக் கூடத்து ஜன்னலிடம் இழுத்துக்கொண்டு போனேன். "இந்த வீட்டுல அஞ்சு ஜன்னல். நீங்க கட்டப்போற மொத்தக் காசுல கூடத்து ஜன்னலும் சமையல்கட்டு ஜன்னலும்தான் வீட்டோட விலை. படுக்கையறையில ரெண்டு, அந்தப் பின்னாடி ஒண்ணு, மூணும் வட்டி. அதுக்கும் நீங்கதான் கர்ட்டன் வாங்கித் தொங்கவிடப் போறீங்க."

வாத்தியார் ஜன்னல்களை ஒன்று, இரண்டு என்று விரல்விட்டு எண்ணினார். மனைவி படுக்கையறை வாசலில் போய் நின்று உள்ளே எட்டிப் பார்த்தாள், யாரோ வேற்றாள் தங்கியிருக்கிற அறை மாதிரி. அப்புறம் மனுஷர் சன்னக் குரலில் கேட்டார்: "இதுக்கு என்னம்மா பண்றது?"

சொன்னேன். எனக்குத் தெரிந்ததை எல்லாம் சொன்னேன். வட்டி குறைவாகக் கொடுக்கிற பேங்க் இருந்தால் இப்போதே மாறிவிடுங்கள். வருஷத்துக்கு ஒரு மாதத் தவணையாவது கூடுதலாகக் கட்டுங்கள், அதுவும் ஆரம்ப வருஷங்களில் கட்டுங்கள். கட்டும்போது தவணையைக் குறைக்கட்டுமா என்று தேனாகப் பேசுவார்கள், மசியாதீர்கள், வருஷத்தைக் குறை என்று நீங்களே டிக் போடுங்கள், வேறு எவன் கையிலும் பேனாவைக் கொடுக்காதீர்கள். கடைசியில் எட்டடி துணிக்கு ஒரு பேச்சுப் பேசாமல் முன்பணம் கொடுத்தார்.

மூன்றாம் வாரம் வாத்தியார் கடனை வேறு பேங்குக்கு மாற்றிவிட்டார். ஈஸியின் கமிஷன் திரும்பிப் போயிற்று. அந்தச் செய்தி காதில் விழுந்த அன்று நான் கடையில் இரண்டு டீ குடித்தேன். அரசன் அன்று கொல்வான், தெய்வம் நின்று கொல்லும் என்பார்கள். இந்த இரண்டு பேருக்கும் நடுவில் திரைச்சீலை தைக்கிறவளுக்கும் ஒரு வேலை இருக்கத்தான் செய்கிறது.

அப்புறம் விடுவேனா? ஒவ்வொரு வீட்டிலும் அளந்தேன், சொன்னேன். அளந்தேன், சொன்னேன். பொய் ஒரு சொல் கிடையாது. ஒரு சமையல்காரர் வீட்டில் "எந்த ஜன்னல் உங்களுது தெரியுமா?" என்று கேட்டதும் அவர் பையன் ஓடிப்போய் தெரு தெரிகிற ஜன்னலைப் பிடித்துக்கொண்டு "இது என்னுது" என்று அழுதான். சிலர் பேங்க் மாறினார்கள். சிலர் தவணைக்கு மேலே சேர்த்துக் கட்ட ஆரம்பித்தார்கள். கடன் வாங்க இருந்த அண்ணன் தம்பிகளை, கூட வேலை செய்கிறவர்களை எல்லாம், 'கையெழுத்துப் போடறதுக்கு முன்னால ஜன்னலை எண்ணு' என்று சொல்லித் தடுத்தார்கள்.

ஒரு நாள் ஈஸி வாடிய முகத்தோடு கடைக்கு வந்தான். "அக்கா, இந்தப் பக்கம் யாரோ என் தொழிலைக் கெடுக்கறாங்க. எல்லாப் பயலும் வந்து அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவுன்னு கேக்கறான்."

"அடப் பாவமே! யாருப்பா அந்தப் படுபாவி?" என்று டீயை நீட்டினேன். சர்க்கரைகூடக் கொஞ்சம் தூக்கலாகவே போட்டிருந்தேன்.

ஆறு மாதத்தில் அவனுக்கு விஷயம் தெரிந்துவிட்டது. ஜன்னல் கணக்குச் சொல்கிற படுபாவி ஊரில் எத்தனை பேர் இருக்கப்போகிறார்கள்? என்னிடம் வந்து ஒன்றும் கேட்கவில்லை. ஆள் அனுப்புவதை நிறுத்தினான். அதற்குள் ஆட்கள் அவனைக் கேட்காமலே என்னிடம் வர ஆரம்பித்துவிட்டார்கள். வீடு வாங்காதவர்கள்கூடக் கணக்குக் கேட்க வந்தார்கள். இரண்டாம் வருஷம் அவனுடைய கம்பெனி, கையில் ஒரு மாதச் சம்பளத்தைக் கொடுத்து வீட்டுக்கு அனுப்பியது. அந்த வாரம்தான் எங்கள் வாசலில் நின்ற பைக்கும் உயிரை விட்டது. எனக்கு எதற்கும் வருத்தம் வரவில்லை. ஆனால் ஆறு வருஷமும் வரவில்லை. அவன் கெட்டுப்போனதால் என் கடனில் ஒரு மாதம்கூடக் குறையவில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

இரண்டு மாதம் போயிருக்கும். மத்தியானம், கடையில் நான் தனியாக வெட்டிக்கொண்டிருந்தேன். நாத்தனார் வந்தாள். வெட்டுகிற மேஜையில் ஒரு கைக்குட்டை முடிச்சை வைத்து அவிழ்த்தாள். அவள் வளையல்கள். பக்கத்தில் அதே இரண்டு கட்டம் போட்ட விண்ணப்பம், இன்னும் எழுதாதது. எங்கே பார்த்தாலும் எனக்குத் தெரியும் அந்தத் தாளை.

"அண்ணி, எங்க வீட்டுக் கடன் அப்படியே இருக்கு. இவரும் அதே இருபத்தஞ்சு வருஷக் கடன்தான் வாங்கி வெச்சிருக்காரு. இதை வித்து அசல்ல கட்டிடலாம்னு பாக்கறேன். ஊர்ல எல்லாருக்கும் நீங்கதான் சொல்றீங்களாமே." அவள் நிமிர்ந்து பார்த்தாள். அத்தனை வருஷத்தில் அவள் என்னை நேராகப் பார்த்து நான் பார்த்ததில்லை. "எனக்கும் சொல்லுங்க. எந்தக் கட்டத்துல டிக் போடணும்?"

கத்தரியைக் கீழே வைத்தேன்.

பழம் நழுவிப் பாலில் விழுந்தது. ஊருக்கெல்லாம் நான் சொல்கிற பதில் ஒன்றுதான், வருஷத்தைக் குறை. அதையே இவளிடமும் சொல்லலாம். ஒருத்தரும் என்னைக் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் வருஷத்தைக் குறைத்தால் தவணை அப்படியே நிற்கும். சம்பளம் இல்லாத வீட்டில் அந்தத் தவணையை யார் கட்டுவது? வளையலும் போயிருக்கும், கையில் சல்லிக்காசு இருக்காது, நான்கு மாதம் தவறினால் கம்பெனி வீட்டை ஏலம் போட்டுவிடும். ஒரே ஒரு டிக். அவன் என் வாழ்க்கையில் போட்ட மாதிரியே.

சொல்லிவிட நாக்கு துடித்தது. உண்மையைச் சொல்கிறேன், சொல்லத்தான் வாயைத் திறந்தேன். அவள் மணிக்கட்டைப் பார்த்தேன். வளையல் கிடந்த இடம் மட்டும் வெளுத்திருந்தது. எனக்கும் அப்படித்தான் இருந்தது, ரொம்ப நாள். பழி அவன்மேல். இந்தக் கை எனக்கு என்ன செய்தது? அதுவும் போகட்டும், வீடில்லாமல் தெருவில் நிற்கிறவன் என் ஆறு வருஷத்தை எங்கிருந்து கொண்டுவந்து தருவான்?

"எடுத்துக் கையில போடுடி முதல்ல" என்றேன்.

"அண்ணி?"

"போடுன்னா போடு. சம்பளம் நின்ன வீட்டுல நகையைக் கொண்டுபோய் பேங்க்ல கொட்டுவாங்களா? உள்ளதும் போயிடும். அது உன் கையிலேயே கிடக்கட்டும், பசிக்கிறப்போ பாத்துக்கலாம். இப்போதைக்கு வருஷத்தை நீட்டித் தவணையைக் குறைக்கச் சொல்லி எழுதிக் குடு. உன் புருஷன் எனக்குப் போட்டானே, அதே குறைஞ்ச தவணை. எனக்கு அன்னைக்கு அது விஷம். உங்களுக்கு இன்னைக்கு அதான் மருந்து. கசக்கும். உன் வீட்டுக்காரன் கிழவனாகிற வரைக்கும் கசக்கும்." சொல்லும்போதே எனக்குக் கொஞ்சம் குளிர்ந்தது. நல்ல வார்த்தையே பழியாகவும் அமைவது எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

"அவன் எங்க?" என்று கேட்டேன்.

"எதிர்ல நிக்கறாரு. உள்ள வர பயம்."

வாசலுக்குப் போய்ப் பார்த்தேன். எதிர்க்கடை நிழலில் நின்றான். சட்டையில் பேனா இல்லை. "தம்பி, வா இங்க" என்றேன். வந்து மேஜைக்கு அந்தப் பக்கம் நின்றான்.

"ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். மூச்சு விடலாம் அது இதுன்னு கதை விடாம சொல்லு. அன்னைக்கு ஏன் அந்தக் கட்டத்துல போட்ட?"

தரையைப் பார்த்தான். "மாசத்துக்கு இத்தனை பைக் கடனும் விக்கணும்னு கம்பெனில கணக்கு. அந்த மாசம்... எனக்கு ஒரு பைக் குறைஞ்சது அக்கா. மச்சானுக்கு மாசம் கொஞ்சம் மிச்சமானாத்தான் பைக் எடுப்பாரு."

நாத்தனார் அவனைத் திரும்பிப் பார்த்தாள். ஒரு பைக்! என் வளையல் ஆறு, என் வருஷம் ஆறு, அவர் முட்டி இரண்டு, எல்லாம் ஒரு பைக் குறைந்ததற்கு. கத்தரி மேஜையில்தான் இருந்தது. நான் அதை எடுத்து டிராயரில் போட்டுப் பூட்டினேன், எல்லாருக்கும் நல்லது என்று.

"சரி கேளு" என்றேன். "நாளையிலேருந்து என் கடையில வேலை. ஜன்னல் அளக்கப் போறப்போ டேப்போட இன்னொரு முனையைப் பிடிக்கணும். கம்பி தூக்கணும். சம்பளம் குடுப்பேன், உங்க குறைஞ்ச தவணைக்கும் சோத்துக்கும் சரியா இருக்கும். ரெண்டு பேரா போனா இன்னும் நிறைய வீடு எடுக்கலாம். அதுல வர்ற கூடுதல் லாபத்தை மாசா மாசம் என் கடன்ல அசலுக்குக் கட்டணும். நீதான் கொண்டுபோய்க் கட்டணும். உன் பழைய ஆபீஸ்ல, உன் பழைய ஆளுங்க முன்னாடி, வருஷத்தைக் குறைக்கிற கட்டத்துல, உன் கையால டிக் போடணும். என் ஆறு வருஷத்தை நீ திருப்பித் தரணும்."

"கவுண்டர்ல எல்லாம் என் கீழே வேலை செஞ்ச பசங்க அக்கா..." என்றான்.

"நல்லதாப் போச்சு. வணக்கம் சொல்லுவாங்க."

என் வீட்டுக்காரர் சாயங்காலம் கேட்டுவிட்டு, "மாப்பிள்ளைய இப்படியாம்மா நடத்தறது?" என்று இழுத்தார். "உங்க முட்டியைக் கேட்டுட்டு வந்து பேசுங்க" என்றேன். அதோடு சரி.

முதல் வீடு அடுத்த வாரமே வந்தது. ஒரு நர்ஸும் அவள் புருஷனும், ஐந்தாவது மாடி. புதுக் கட்டடம், லிஃப்டுக்கு இன்னும் கரண்ட் கொடுக்கவில்லை. மாதிரிக்குக் காட்டும் திரைச்சீலைக் கம்பிக் கட்டைத் தோளில் வைத்துக்கொண்டு ஈஸி என் பின்னால் படியேறினான். இரண்டாவது மாடியிலேயே இளைத்தது. "இருபது வருஷமா உன் மச்சான் இப்படித்தான் ஏறறாரு" என்றேன்.

கதவைத் திறந்த நர்ஸுக்கு அவனை அடையாளம் தெரிந்தது. கடன் கொடுத்தவனே அவன்தான், வேலையை விட்டு எடுப்பதற்குக் கொஞ்சம் முன்னால். "சார், நீங்களா?" என்றாள். அவன் டேப்பின் முனையைப் பிடித்துச் சுவரோடு ஒட்டி நின்றான். கூடத்து ஜன்னலை அளந்தோம், சமையல்கட்டை அளந்தோம், படுக்கையறைகளை அளந்தோம். முடித்ததும் நர்ஸ் என்னிடம் வந்தாள். அவளுக்கும் யாரோ சொல்லி அனுப்பியிருக்கிறார்கள்.

"இந்த அஞ்சுல எங்களுது எத்தனைங்க?"

"எனக்கு என்னம்மா தெரியும், நான் துணி தைக்கிறவ" என்றேன். "சாரைக் கேளுங்க. விவரமெல்லாம் அவர்கிட்டதான் இருக்கு."

அவன் என்னைப் பார்த்தான். நான் டேப்பைச் சுருட்டிக்கொண்டிருந்தேன். "ரெண்டுங்க" என்றான்.

"மீதி மூணு?"

"வட்டி."

"கையெழுத்து வாங்கறப்போ இதை நீங்க சொல்லலையே சார்?"

"சொல்லலைங்க" என்றான். அப்புறம் அவளுக்கும் அவள் புருஷனுக்கும் எல்லாவற்றையும் அவனே நின்று விளக்கினான், எதில் டிக் போட வேண்டும், எப்போது போடக்கூடாது, யாரை நம்பக்கூடாது என்பது உட்பட. நன்றாகத்தான் விளக்கினான். என்னைவிடத் தெளிவாகச் சொன்னான். அது எனக்கு இன்னும் ஆத்திரமாக இருந்தது. இத்தனையும் தெரிந்துகொண்டுதானே அன்றைக்கு இருமினாய்?

இறங்கும்போது நான்காவது மாடித் திருப்பத்தில் நின்று முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"அக்கா, ஒண்ணு கேக்கலாமா? ஆறு வருஷம்னீங்க. ஒரு வருஷம் இப்படி வந்தேன்னா, ஆறுல ஒண்ணு கழிஞ்சிடும்ல?"

நான் ஒரு படி கீழே இருந்து அவனை நிமிர்ந்து பார்த்தேன். எத்தனை நாள் காத்திருந்தேன் இந்தக் கேள்விக்கு!

"ஒரு வருஷம் கட்டினா ஒரு வருஷம் கழியும்னு உனக்கு யாரு தம்பி சொன்னது? நீ எனக்குக் கட்டறதுக்கும் உங்க கம்பெனிக் கணக்குதான். முதல் வருஷம் பன்னெண்டு மாசம் வேலை செஞ்சா, பத்து பதினோரு மாசம் வட்டிக்குப் போயிடும். மிச்சம் மீதிதான் அசல்."

அவன் முகத்தில் இருந்த கொஞ்சநஞ்ச ரத்தமும் இறங்கியது. "அக்கா... அப்ப இது எப்பதான் முடியும்?"

"அது அப்போ பாத்துக்கலாம்" என்று சொல்லி, சரிந்திருந்த கம்பிக் கட்டை அவன் தோளில் நன்றாக ஏற்றிவைத்தேன். "ஈஸி தம்பி. ரொம்ப ஈஸி."